காரணமே இல்லாமல் ஒருவர் ஒற்றைச் செருப்பு பொறுக்கினால் என்ன தப்பு?

ஜூன் 19

நான் எடுத்த குறும்படத்தைப் பார்த்துவிட்டு ஒரு வாசகர் கேட்டது: "படம் பார்த்தேன். பாம்பன்ல ஒருத்தர் விடியக்காலையில எந்திரிச்சு கடற்கரையில ஒத்தைச் செருப்பாப் பொறுக்குறார், நோட்டுல எழுதுறார், சாக்குல கட்டுறார். 14 நிமிஷம் முடிஞ்சுபோச்சு. எதுக்குப் பொறுக்குறார்னு சொல்லவே இல்லையே? காரணம் இல்லாத கிறுக்கைப் பார்த்து எப்படிச் சிரிக்கிறது?"

ஜூன் 19, இரவு

காரணம் எழுதாமல் இல்லை. முதலில் எழுதிய திரைக்கதையில் அவர் மனைவி இறந்துபோயிருந்தார், அந்த அம்மாவின் ஒரு செருப்பு கடலோடு போயிருந்தது, இவர் அதைத்தான் தேடுகிறார். படத்தில் நடித்தவர் என் தாய்மாமா. தாளைப் படித்துவிட்டுத் திருப்பிக் கையில் கொடுத்தார். "உங்க அத்தை உள்ள மீன் அலசிக்கிட்டு இருக்கா. செத்துட்டான்னு நீயே போய்ச் சொல்லிட்டு வா" என்றார். அந்தக் காரணம் அன்றோடு போனது.

அதற்குப் பிறகு வேறு காரணம் தேடவில்லை. தபால்தலை சேர்க்கிறவரை யாரும் நிறுத்தி வைத்து ஏன் என்று கேட்பதில்லை. 1983 உலகக் கோப்பை இறுதி ஆட்டத்தில் யார் எத்தனை ரன் என்று ஒப்பிக்கிறவரைப் பார்த்து, பாவம், சின்ன வயசில் என்ன கஷ்டமோ என்று யாரும் உச்சுக்கொட்டுவதும் இல்லை. செருப்பு என்றால் மட்டும் பின்கதை வேண்டும் என்கிறோம்.

கிறுக்குப் பொழுதுபோக்கில் சிரிப்பு இருப்பது காரணத்தில் இல்லை, அந்த ஆள் போட்டு வைத்திருக்கும் சட்டதிட்டத்தில். படத்தில் மாமாவுக்கு இருக்கும் முதல் சட்டம்: ஜோடி கிடைத்தால் தொடக்கூடாது. இரண்டாவது சட்டம்: சாக்கில் இருக்கும் ஒரு செருப்புக்குப் பின்னால் ஜோடி ஒதுங்கிவிட்டால் இரண்டையும் யாருக்காவது கொடுத்துவிட வேண்டும். "ஜோடி சேந்துட்டா அது வெறும் செருப்பு. அதுல எனக்கு என்ன வேலை?" இந்த ஒரு வசனத்துக்காகத்தான் படமே எடுத்தேன்.

ஜூன் 20

நிறையப் பேர் கேட்டுவிட்டார்கள்: மாமா நிஜமாகவே செருப்பு பொறுக்குகிறவரா? இல்லை. ஐஸ் கம்பெனியில் கணக்கு எழுதி ஓய்வு பெற்றவர். அவருடைய நிஜப் பொழுதுபோக்கு இன்னும் மோசம். பாம்பன் தூக்குப்பாலம் எப்போதெல்லாம் திறக்கிறது, எந்தப் படகுக்குத் திறக்கிறது, எத்தனை நிமிஷத்தில் மூடுகிறது என்று டைரி டைரியாக எழுதி வைத்திருக்கிறார். 1914ல் கட்டிய பழைய பாலத்தில் நடுவில் இருந்தது ஷெர்ஜர் தூக்கு, இரண்டு பாதியாகப் பிரிந்து மேலே எழும் துண்டு. ஆட்கள் நின்று கையால் சுற்றித்தான் திறப்பார்கள். யார் சுற்றினால் சீக்கிரம் திறக்கும் என்பது வரைக்கும் மாமாவுக்குத் தெரியும். 2022 டிசம்பரில் அதில் ரயிலை நிறுத்தினார்கள். 2025 ஏப்ரல் 6ல் புதுப் பாலம் திறந்தார்கள். 72.5 மீட்டர் நீளத் துண்டு அப்படியே நேர் மேலே 17 மீட்டர் போகிறது, மோட்டார் போட்டு. மாமாவுக்கு அதில் சுவாரஸ்யம் இல்லை. "இதுல எழுதறதுக்கு என்ன இருக்கு, சுவிட்ச் போட்டான், போச்சு."

அதையே படமாக எடுத்திருக்கலாமே என்பவர்களுக்கு: ரயில்வே பாலத்தில் கேமரா வைக்க அனுமதி வாங்க வேண்டும். செருப்புக்கு யாரிடமும் வாங்க வேண்டியதில்லை.

ஜூன் 22

தனுஷ்கோடியில் எடுத்துவிட்டு 1964 பற்றி ஒரு வார்த்தை இல்லையே, மனசாட்சி இருக்கா என்று ஒருவர் எழுதியிருக்கிறார்.

1964 டிசம்பர் 22 இரவு இந்தக் கரையில் யாருக்கும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. புயல், அலை, பாம்பன் தனுஷ்கோடி பாசஞ்சர், அதில் இருந்தவர் ஒருவரும் மிஞ்சாதது, மொத்த ஊரும் போனது. எங்கள் வீட்டிலும் போனவர்கள் உண்டு. அதனால்தான் வைக்கவில்லை. இந்த மணலுக்குக் கேமரா தூக்கிக்கொண்டு வருகிற எல்லோரும் இடிந்த சர்ச்சை எடுக்கிறார்கள், பின்னால் புல்லாங்குழல் போடுகிறார்கள், முடித்துவிட்டுப் பொரிச்ச மீன் தின்றுவிட்டுப் போகிறார்கள். ஒரு கோமாளித்தனமான கதைக்குக் கனம் கூட்ட அந்தச் சாவுகளைக் கடன் வாங்க எனக்கு மனசு வரவில்லை. சர்ச் இருக்கும் பக்கம் கேமராவைத் திருப்பவே கூடாது என்று முதல் நாளே பேசிவிட்டோம்.

என் அப்பத்தா அந்த ஊர்க்காரி. புயலைப் பற்றி அவள் பேசியது கொஞ்சம். அதிகம் பேசியது போட் மெயில் காலத்தைப் பற்றி, அதாவது தனுஷ்கோடி வரை ரயிலும் அங்கிருந்து இலங்கைக்குக் கப்பலும் ஓடிய காலம். தலைமன்னாரிலிருந்து கப்பலில் வந்து இறங்குகிறவர்கள் ஒரு கையில் பெட்டி, ஒரு கையால் வாயைப் பொத்திக்கொண்டு சுங்கச் சோதனைக்கு வரிசையில் நிற்பார்களாம். அதை நடித்துக் காட்டுவாள், நாங்கள் உருண்டு உருண்டு சிரிப்போம். அந்த ஊர் சிரித்த ஊரும்தான்.

ஜூன் 23

வங்காள விரிகுடாவும் இந்தியப் பெருங்கடலும் கூடும் இடம் என்று படத்தில் ஏன் சொல்லவில்லை என்றால், அது வேன் டிரைவர் சொல்வது. தனுஷ்கோடியின் கடைசி முனையான அரிச்சல்முனைக்கு வடக்கே பாக் விரிகுடா, தெற்கே மன்னார் வளைகுடா. எங்கள் ஆட்களுக்கு வடக்கே பெண்கடல், தெற்கே ஆண்கடல். ஒன்று அடங்கிக் கிடக்கும்போது மற்றது ஆடும்.

ஜூன் 29

இப்போது இடது வலது சண்டைக்கு வருகிறேன். படத்தில் மாமா டீக்கடையில் உட்கார்ந்து சொல்வார்: "ஆண்கடல்ல இடது கால் ஒதுங்கும், பெண்கடல்ல வலது கால் ஒதுங்கும். எழுதி வச்சிருக்கேன்." டீ ஆற்றுகிறவர் கேட்பார், "அப்ப கடல்ல செத்தவன் பாதிப் பாதியாவா வருவான்?" இந்த இடத்தில் மூடநம்பிக்கையைப் பரப்புகிறீர்கள் என்று ஒரு பொறியியல் மாணவர் கொதித்திருக்கிறார்.

தம்பி, கொஞ்சம் உட்காரு. 1990 மே மாதம் ஹன்சா கேரியர் என்ற சரக்குக் கப்பல் வட பசிபிக்கில் புயலில் மாட்டி, நைக்கி ஷூ இருந்த கன்டெய்னர்கள் கடலில் விழுந்தன. சுமார் 61,000 ஷூ. மாசக்கணக்கில் மிதந்து அமெரிக்காவின் ஓரிகன், வாஷிங்டன் கரைகளிலும் கனடாப் பக்கம் வான்கூவர் தீவிலும் ஒதுங்கின. கயிறு போட்டு ஜோடியாகக் கட்டாததால் எல்லாம் ஒற்றை ஒற்றையாக வந்தது. கரையோர ஜனங்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? சந்தை கூட்டி, என்னிடம் 9ம் நம்பர் இடது இருக்கிறது, உன்னிடம் வலது இருக்கிறதா என்று மாற்றிக்கொண்டு ஜோடி சேர்த்துப் போட்டுக்கொண்டார்கள். கர்டிஸ் எப்ஸ்மேயர் என்ற கடலியலாளர் எந்த ஷூ எங்கே எப்போது ஒதுங்கியது என்று கேட்டுக் கேட்டு எழுதி, அதை வைத்துப் பசிபிக் நீரோட்டத்தையே கணக்குப் போட்டார். அவருக்கு விஞ்ஞானி என்று பெயர். எங்கள் மாமா நோட்டுப் போட்டால் கிறுக்கு.

இடது வலது விஷயமும் அப்படியே ஊதித்தள்ள முடியாதது. நெதர்லாந்தின் டெக்செல் தீவில் கடற்பறவை ஆராய்கிற ஒருவர் ஒதுங்கிய காலணிகளை எண்ணினார். அங்கே இடது அதிகம். வடகடலுக்கு எதிர்ப்பக்கம் ஸ்காட்லாந்துக் கரையில் எண்ணினால் வலது அதிகம். அதற்குச் சொல்லும் காரணம் இது: இடது காலணியின் வளைவு ஒரு பக்கம், வலது காலணியின் வளைவு மறுபக்கம். மிதக்கும்போது காற்று இரண்டையும் ஒரே கோணத்தில் தள்ளாது. கொஞ்சம் கொஞ்சமாக விலகி விலகி, கடைசியில் வேறு வேறு கரை. மாமாவின் வசனத்தை எழுதும்போது எனக்கு இது தெரியும். டீக்கடைக்காரருக்குத் தெரியாது. அதுதான் அந்தக் காட்சி.

ஜூலை 2

இதற்கு மறுமொழியாக வேதாளையிலிருந்து ஒரு அண்ணன் போட்டது எல்லாவற்றையும்விடச் சரியான கேள்வி. "தடைக்காலத்துல எடுத்த படம்னு சொல்றீங்க. அப்ப சோளகம் அடிக்குது. பெண்கடல் பக்கம் எப்படிய்யா அவ்வளவு செருப்பு ஒதுங்கும்?"

ஒதுங்காது. நாங்கள்தான் போட்டோம்.

ஏப்ரல் 15லிருந்து ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகு கடலுக்குப் போகக்கூடாது. நடிக்க ஆள் சும்மா கிடைக்கிற காலம் அதுதான். ஆனால் சோளகம் தெற்கிலிருந்து அடிக்கும் காற்று, அதில் ஒதுங்குவது எல்லாம் தெற்குக் கரையில். வாடை பிறந்து ஐப்பசி கார்த்திகையில்தான் வடக்குக் கரைக்குக் குப்பை வரும். கதைப்படி ஒரே நாளில் இரண்டு கரையிலும் பொறுக்க வேண்டும், ஆகவே ஆண்கடலில் எடுத்ததைத் தூக்கிக்கொண்டு போய்ப் பெண்கடலில் பரப்பினோம். அண்ணன் கண்ணுக்கு அது தப்பவில்லை.

அவர் சொன்னதில் இன்னொன்றும் இருக்கிறது. ஒரு கரைக்குச் சோளகத்தில் ஒதுங்குகிறது, இன்னொரு கரைக்கு வாடையில் ஒதுங்குகிறது என்றால், இடதையும் வலதையும் பிரித்தது கடலா, காற்றா, வேறு வேறு ஊர்க் குப்பையா? சோளக நீரோட்டமான சோநீவாட்டில் வருவது ஒரு பக்கத்துச் சாமான், வாடை நீரோட்டமான வாநீவாட்டில் வருவது வேறு பக்கத்துச் சாமான். டெக்செல் கணக்கை நம் ஊரில் சும்மா பொருத்த முடியாது. மாமாவிடம் சொன்னேன். "அப்ப வருஷம் பூரா எண்ணணும்" என்றார். அந்தக் குரல் எனக்குப் பிடிக்கவில்லை.

ஜூலை 6

செருப்புகளை எங்கே பிடித்தீர்கள் என்று கலை இயக்கம் படிக்கும் பெண் ஒருவர் கேட்டிருக்கிறார். முதலில் ராமநாதபுரம் கடைத்தெருவில் புது ஹவாய் செருப்பு வாங்கித் தரையில் தேய்த்துப் பார்த்தோம். ஏமாற்றவே முடியவில்லை. கடலில் கிடந்த செருப்பில் நீலம் வெளுத்துச் சாம்பலாகும், மேல் வெள்ளை மட்டும் பழுப்பேறும். விரல் பதிந்த ஐந்து குழியும் அப்படியே இருக்கும், கட்டைவிரல் குழி மட்டும் ஆழமாக. குதிகாலில் ஒரு பக்கம் தேய்ந்திருந்தால் ஆள் சாய்ந்து நடக்கிறவர். அறுந்த வாரில் குத்திய ஊக்கு துருப்பிடித்து ரப்பருக்குள் செம்மண் நிறத்தில் கறை இறங்கியிருக்கும். அடியில் கொட்டலசு, அதாவது மிதக்கும் எதிலும் ஓட்டோடு ஒட்டிக்கொள்ளும் சின்னக் கடல் உயிர், ஒட்டியிருந்தால் நீண்ட நாள் மிதந்தது. இதையெல்லாம் சாயம் பூசிக் கொண்டுவர முடியாது.

நிஜச் செருப்பு பொறுக்கப் போனால் அதற்குப் போட்டி. வலைக்காரர்கள் ரப்பர் செருப்பை வெட்டி மிதவையாகக் கட்டுவார்கள். பிள்ளைகளுக்கு வண்டிச் சக்கரம். பாசி எடுக்கப் போகும் பெண்கள் பாறை குத்தாமல் இருக்க எந்தச் செருப்பானாலும் துணி வைத்துக் கட்டிக்கொண்டு இறங்குவார்கள், அவர்களுக்கு ஜோடி கூட வேண்டியதில்லை. சின்னப்பாலத்தில் ஒரு அக்கா கையில் இருந்த நல்ல இடது கால் ஒன்றைக் கேட்டேன். "சினிமாவுக்கா? அப்ப காசு குடு" என்றார். கொடுத்தேன். சிங்கள எழுத்து போட்ட செருப்பு நிறையக் கிடைத்தது, தலைமன்னார் தனுஷ்கோடி முனையிலிருந்து சுமார் 30 கிலோமீட்டர்தான். அவற்றுக்குப் படத்தில் தனிச் சாக்கு.

ஜூலை 25

நேற்று ஆடி அமாவாசை. அக்னி தீர்த்தத்தில் முங்கி எழுந்த கூட்டம் விட்டுப்போன செருப்பைப் பார்த்தால் இன்னும் பத்துப் படம் எடுக்கலாம். இதைப் படத்தில் வைத்திருக்கலாமே என்று ஒருவர் புகைப்படமும் போட்டிருக்கிறார். வைத்தோம், வெட்டினோம். மாமா அந்தக் கரையில் கைகட்டி நின்று செருப்புக் குவியலை முறைத்துவிட்டு, "இது மிதந்து வந்தது இல்லை. விட்டுட்டுப் போனது. கணக்குல சேராது" என்று திரும்பி நடப்பார். எனக்குப் பிடித்த காட்சி. ஆனால் சாமி கும்பிட வந்தவர்களைப் பார்த்துச் சிரிக்கிறான் என்று எடுத்துக்கொள்வார்கள் என்று எடிட் செய்த நண்பன் பயந்தான். இப்போது மறுபடி ஓட்டிப் பார்த்தால் அதில் யாரும் யாரையும் பார்த்துச் சிரிக்கவில்லை. திரும்பச் சேர்க்கலாமா என்று யோசனை.

ஆகஸ்ட் 3

சோதனைச் சாவடிக் காட்சி மிகை என்கிறார்கள். வெளியூர்க்காரர்களுக்கு அப்படித்தான் தெரியும்.

இந்தக் கரையில் சாக்குமூட்டை என்றாலே நிறுத்துவார்கள். கடல் அட்டை பிடிப்பது 2001லிருந்து குற்றம், புலியைச் சேர்த்த அதே முதல் அட்டவணையில் அதையும் சேர்த்திருக்கிறது வனவிலங்குச் சட்டம். எதிர்க்கரையில் உரிமம் வாங்கிப் பிடிக்கலாம். அதனால் இங்கிருந்து வேகவைத்துக் காயப்போட்டு மூட்டை கட்டிக் கடத்துவார்கள், பிடிபட்டது என்று பேப்பரில் அடிக்கடி வரும். காய்ந்த அட்டையும் வெயிலில் சுருங்கிய செருப்புத் துண்டும் டார்ச் வெளிச்சத்தில் பார்த்தால் ஒன்று போலத்தான் இருக்கும். டி.வி.எஸ். 50ல் மூன்று சாக்கு கட்டிக்கொண்டு விடியக்காலையில் ஒருவர் போனால் யார்தான் விடுவார்கள்?

அந்த வசனத்தை ஒத்திகையில் மாமாவே பிடித்தது:

"மூட்டையில என்னய்யா?"

"செருப்புங்க."

"யார் செருப்பு?"

"தெரியாதுங்க."

"எத்தனை ஜோடி?"

"ஜோடியே இல்லீங்க."

அதுவரை சும்மா கேட்டுக்கொண்டிருந்த அதிகாரி அந்தக் கடைசி பதிலுக்குத்தான் தொப்பியைச் சரிசெய்துகொண்டு மூட்டையை அவிழ்க்கச் சொல்வார். அவிழ்த்த பிறகு மாமா நோட்டை எடுத்து, இது பங்குனி 14, காற்று கச்சான், இடது, 8ம் நம்பர் என்று ஒவ்வொன்றாகப் படிக்க ஆரம்பிப்பார். அதிகாரி "போய்யா, போ" என்று கும்பிடுவார். அதிகாரியாக வருகிறவர் விசைப்படகு டிரைவர். நிஜ வாழ்க்கையில் மூட்டையை அவிழ்க்கிற பக்கம் நின்று பழகியவர். எதிர்ப்பக்கம் நிற்கச் சொன்னதும் முகத்தில் வந்த சந்தோஷத்தைப் பாருங்கள், அது நடிப்பில்லை.

ஆகஸ்ட் 4

சத்தம் சரியில்லை என்று சொன்ன எல்லோருக்கும் மொத்தமாக: சோளகக் காற்றில் மைக் பிடித்துப் பாருங்கள். பேச்சு முழுக்க வீட்டில் ஜன்னலுக்கு மெத்தையை அண்டக்கொடுத்து டப்பிங் செய்தது.

ஆகஸ்ட் 17

தங்கச்சிமடத்தில் வலை பின்னும் கொட்டகைச் சுவரில் படம் போட்டோம். வேட்டி ஒன்றைத் திரையாகக் கட்டினால் ஆடிக்கொண்டே இருந்தது, சுவரே தேவலை. பின்கதை வேண்டும் என்று இங்கே மல்லுக்கட்டுகிறவர்கள் அந்தக் கூட்டத்தைப் பார்த்திருக்க வேண்டும். ஏன் பொறுக்குகிறார் என்று ஒரு ஆள் கேட்கவில்லை. கேட்டதெல்லாம் வேறு: மழைக்காலத்தில் சாக்கை எங்கே வைப்பார்? எலி கடிக்காதா? பொண்டாட்டி எப்படிச் சும்மா இருக்கா?

படம் முடிந்ததும் ஒரு பெரியம்மா எழுந்து வந்து, ஏழாவது நிமிஷத்தில் வரும் சிவப்பு வார் செருப்பு தன் மருமகனுடையது என்றார். போன பொங்கலுக்கு வாங்கியது, வள்ளத்தில் இருந்து விழுந்தது, வலது கால் வீட்டில் கிடக்கிறது, இடதைக் கொடு. நான் சாக்கைக் குடைந்தேன். மாமா ஓரமாக என்னைக் கூப்பிட்டு, "குடுக்காதடா, நல்ல ஒத்தை அது" என்றார், சட்டத்தை எழுதிய ஆளே நான் என்பதை மறந்து. இரண்டாம் சட்டத்தை எடுத்துச் சொன்னேன். ஜோடி வீட்டில் இருப்பதை யார் பார்த்தது, கொண்டுவந்து காட்டட்டும் என்றார். பெரியம்மா அந்த ராத்திரியில் பேரனை அனுப்பி வலது காலை எடுத்துவரச் சொன்னார். பொருத்திப் பார்த்தார்கள். வேறு செருப்பு.

மாமா முகத்தில் அன்றைக்கு அப்படி ஒரு நிம்மதி.

செப்டம்பர் 9

14 நிமிஷத்தை 9 ஆக்கினால் போட்டிக்கு அனுப்பலாம் என்கிறார்கள். மாமா குனிந்து எடுத்து, மணலைத் தட்டி, திருப்பிப் பார்த்து, காது பக்கம் கொண்டுபோய் உலுக்கி, கடலைப் பார்த்து, நோட்டைத் திறக்கும் அந்த நீள ஷாட்டைத்தான் வெட்டச் சொல்வார்கள். அவர் உலுக்கிப் பார்ப்பது திரைக்கதையில் இல்லை. எதற்கு உலுக்கினீர்கள் என்று கேட்கவும் இல்லை. அதை வெட்டிவிட்டு ஒன்பது நிமிஷத்தில் எனக்கு என்ன மிச்சம்? படத்தைப் பாராட்டி எழுதியவர்களில் பாதிப்பேர் சொன்னது அந்த ஷாட்டைத்தான். அனுப்பவில்லை.

அக்டோபர் 21

வாடை திரும்பியாச்சு. பாலத்து டைரியை மாமா நிறுத்திவிட்டார். காலையில் பெண்கடல் பக்கம் போகிறார், புது நோட்டு, இடது ஒரு பத்தி, வலது ஒரு பத்தி. அத்தை எனக்கு போன் போட்டுப் பேசிய பேச்சை இங்கே எழுத முடியாது. படத்துக்காகச் சேர்த்த மூட்டைகளும் இன்னும் அவர்கள் வீட்டுத் தாழ்வாரத்தில்தான் கிடக்கின்றன. மிதவைக்கு வெட்டுகிற ஒருவர் மொத்தமாக எடுத்துக்கொள்கிறேன் என்று வந்தார். மாமா வலதை மட்டும் கொடுத்தனுப்பியிருக்கிறார், இடதில் கணக்கு இன்னும் முடியவில்லையாம். இடது கால் மூட்டை நாலைந்து இருக்கிறது, யாருக்காவது வேண்டுமென்றால் அத்தையிடம் நேரில் கேளுங்கள், மாமா இல்லாத நேரமாக.